முன் பயனாளரின் கட்டைவிரல்

சாத்தங்கரை மதகு அலுவலகத்தின் தலைமை எழுத்தர் இராஜாங்கம் 2009-ஆம் ஆண்டு அக்டோபர் பதினோராம் தேதி இறந்தார். இருபதாம் தேதி காலை பத்து மணி பத்து நிமிடத்துக்குச் சம்பளப் பட்டியல் போட அலுவலகத்துக்கு வந்தார். அந்தப் பத்து நிமிடத் தாமதம் வருகைப் பதிவேட்டில் சிவப்பு மையில் இன்றும் இருக்கிறது. அவரை எரித்ததில் குறை ஒன்றும் இல்லை. விறகு காய்ந்த விறகு, சாம்பலும் நல்ல வெள்ளைச் சாம்பல். மூன்றாம் நாள் அதை வெட்டாற்றில் கரைத்ததை ஊரே படித்துறையில் நின்று பார்த்தது. புரட்டாசிக் கடைசி வெள்ளம் ஓடிக்கொண்டிருந்தது. ஆறு தன் கைவசம் இருந்ததை வைத்து அவரை மறுபடி பிசைந்து அனுப்பியிருந்தது: வண்டல், ஆகாயத்தாமரை வேர், நத்தை ஓடு, இரண்டொரு ஷாம்பு பாக்கெட். மேலே அவருடைய பழைய சபாரிச் சட்டை. கோடையில் தண்ணீர் நின்றுபோன வாய்க்காலில் கெளுத்தி மீன் செத்து மிதந்தால் ஒரு வாடை வருமே, அந்த வாடை. ஆனால் கட்டைவிரல் மட்டும் ரேகை அழியாமல் இருந்தது. உயிரோடு இருந்த காலத்தில் இரண்டு மூன்று முறை அழுத்தினால்தான் அந்த விரலை ஏற்றுக்கொண்ட சம்பள இயந்திரம், அன்று முதல் தடவையிலேயே பச்சை விளக்கு எரியவிட்டது.

அவர் வந்ததைக் கண்டு யாரும் அலறவில்லை. அலறியிருந்தால்கூட மரியாதையாக இருந்திருக்கும். நாற்பத்தோரு பேரும் நிம்மதியாக மூச்சுவிட்டார்கள். ஏனென்றால் 2007-இல் அரசாங்கம் காகிதப் பட்டியலை ஒழித்து, சம்பள சிஸ்டம் என்று ஒன்றைக் கொண்டுவந்தபோது அலுவலகத்துக்கு ஒரு விரல் என்று வைத்திருந்தார்கள். அந்த ஒரு விரல் உள்ளே போனால்தான் எல்லோருக்கும் சம்பளம். இராஜாங்கம் அந்த விரலை வைத்துக்கொண்டு இரண்டு வருடம் ராஜாவாக வாழ்ந்தார். லீவு போட்டவன் வடை வாங்கி வந்தான். இன்கிரிமென்ட் வேண்டியவன் கோழி கொண்டுவந்து கொடுத்தான். வேறு யாருக்கும் அந்த வேலையை அவர் சொல்லிக்கொடுக்கவில்லை. வேறு யாரும் கேட்கவும் இல்லை. அதனால் அன்று காலை அலுவலக உதவியாளர் சாமிதுரை அவருடைய நாற்காலியில் நாளிதழை விரித்தார், சேறு படாமல் இருக்க. அலுவலகத் தலைவரான உதவிப் பொறியாளர் நடராசன் மூக்கைப் பொத்தவில்லை. கைக்குட்டையால் முகத்தைத் துடைப்பதுபோல் துடைத்துக்கொண்டே இருந்தார். “வாங்க சார், ஒக்காருங்க. நேத்தே வந்திருந்தீங்கன்னா இன்னும் நல்லாருந்திருக்கும்,” என்றார்.

அதன் பிறகு மாதாமாதம் இருபதாம் தேதி இராஜாங்கம் வந்தார். எல்லோருக்கும் சம்பளம் போட்டார். தனக்கும் போட்டுக்கொண்டார், தன் பெயரைப் பட்டியலிலிருந்து எடுக்க அவர் விரல்தான் வேண்டும், அவர் வைக்கவில்லை. அவர் மனைவி ஏ.டி.எம்மில் எடுத்துக்கொண்டார். 2010 ஏப்ரலில் ஓய்வு பெறும் வயது வந்தபோது மாலை போட்டு, சுவர்க்கடிகாரம் கொடுத்து, பிரியாணி போட்டு அனுப்பிவைத்தார்கள். மாலையில் இருந்த சம்பங்கி அவர் கழுத்துச் சேற்றில் வேர்விட்டது. மே இருபதாம் தேதி அதே மாலையோடு வந்து உட்கார்ந்தார். ஓய்வு பெற்றதைச் சிஸ்டத்தில் பதியவும் அவர் விரல் வேண்டியிருந்தது.

அந்த ஜூலையில் வேம்பு வேலைக்குச் சேர்ந்தாள். இருபத்தெட்டு வயது. மூன்று முறை தேர்வு எழுதி மூன்றாவதில் தேறியவள். உள்ளூர் விவசாயக் கூலி காத்தாயியின் ஒரே மகள். சம்பளப் பிரிவு இளநிலை உதவியாளர் என்று நியமன ஆணை சொன்னது. சம்பளப் பிரிவு என்றால் சிஸ்டத்துக்குள் போக வேண்டும். போனால்தான் அவள் பெயரையே பட்டியலில் ஏற்ற முடியும். புதிதாகச் சேர்ந்தவரின் பெயரை ஏற்றுவது சம்பளப் பிரிவு இளநிலை உதவியாளரின் கடமை என்று விதி இருந்தது. ஆகவே சேர்ந்த மறுநாளே, பணி நிமித்தமாகச் சம்பள சிஸ்டத்துக்குள் நுழைய அனுமதி வேண்டி முறைப்படி விண்ணப்பித்தாள். நாற்பது நாளில் பதில் வந்தது. முன் பயனாளர் விரல் வைத்து விடுவித்தால் புதுப் பயனாளருக்கு அனுமதி. முன் பயனாளர் இறந்துவிட்டார் என்று எழுதி, சான்றிதழ் நகல் இணைத்து அனுப்பினாள். அதற்கும் பதில் வந்தது. மேற்படி நபர் கடந்த மாதமும் சிஸ்டத்தில் விரல் வைத்துள்ளதால் அவர் இறந்தாரா என்பது குறித்து இந்த அலுவலகம் கருத்துக் கூற இயலாது. அவர் விடுவித்தாரா என்பதை மட்டும் தெரிவிக்கவும்.

விண்ணப்பங்களை அவள் பேருந்து நிறுத்தத்துக்கு எதிரே ஹமீதா பானு நடத்திய பிரவுசிங் சென்டரில்தான் தட்டச்சு செய்து வாங்கினாள். ஹமீதாவும் அவளும் பள்ளியில் ஒரே பெஞ்ச். ஹமீதாவின் கணவர் சவுதியில் இருந்தார்.

“எத்தனாவது வாட்டிடி இது?”

“பதினாலு.”

“எங்க வீட்டுக்காரரு சவுதிக்கு மூணு வாட்டில விசா வாங்கிட்டாரு. நீ என்னடான்னா ஆபீசுக்குள்ள ஒக்காந்துகிட்டே ஆபீசுக்கு விசா கேக்குற.”

“அடிச்சுத் தா. பேசாத.”

“காசு?”

“சம்பளம் வந்தா தரேன்.”

“அப்ப எழுதிக்க வேணாம். எம் பேரப்புள்ளைகிட்ட குடு.”

2011-இல் ஆட்சி மாறியது. அலுவலகச் சுவரில் படம் மாறியது; ஆணி மாறவில்லை. புது ஆட்சியிலும் வேம்புவின் விண்ணப்பம் பழைய வரிசை எண்ணோடு சுற்றியது. இரண்டு வருடம் அவளுக்குச் சம்பளம் இல்லை. அரசாங்க உத்தியோகஸ்தி தன் தாய் களை பறித்துக் கொண்டுவந்த கூலியில் சோறு தின்றாள். தினமும் காலையில் தேய்த்த புடவை கட்டிப் போனாள். தாய் அதே நேரத்தில் பழம்புடவையைத் தூக்கிச் செருகிக்கொண்டு வயலுக்குப் போனாள். சக ஊழியர்கள் அவளிடம் அன்பாகத்தான் இருந்தார்கள். சம்பளத் தேதியில் அவள் எதிரில் பணத்தை எண்ணமாட்டார்கள். கொஞ்சம் தள்ளிப்போய் எண்ணுவார்கள். “பொறுமையா இரும்மா, கவர்மென்டு ஒன்னக் கைவிடாது,” என்பார் நடராசன், தன் வீட்டுக் கிரகப்பிரவேசப் பத்திரிகையை நீட்டிக்கொண்டே.

அவள் இராஜாங்கத்திடமும் கேட்காமல் இல்லை. இருபதாம் தேதிதோறும் அவர் மேசை முன் நின்று, “சார், ஒரு வெரல் வெச்சு விடுவிச்சீங்கன்னா போதும் சார்,” என்பாள். அவர் நிமிர்ந்து பார்க்கமாட்டார். 2012 ஜூலையில் முதல்முறையாக வாய் திறந்தார். வாயிலிருந்து ஒரு சின்ன நண்டு விழுந்து, மேசைக்கடியில் ஓடியது.

“வெக்கிறேன் புள்ள. நான் என்ன கல்லா? ஒங்கம்மாவ அந்த மூணு மாவுக்கு ஒரு விடுதலைப் பத்திரம் எழுதிக் கைநாட்டு வெக்கச் சொல்லு. அவ வெரலு அதுல, எவ்வெரலு இதுல. சரியாப் போயிடும்.”

அந்த மூன்று மா நிலத்தின் கதை ஊருக்கே தெரியும். நில உச்சவரம்புச் சட்டம் வந்தபோது இராஜாங்கத்தின் அப்பா தன் நிலத்தை வண்டிமாடுகள், வீட்டு நாய், இன்னும் பிறக்காத பேரன்கள் ஆகியோரின் பெயருக்குப் பிரித்து எழுதினார். நாய் ஏழு வருடம் தவறாமல் தீர்வை கட்டியது. அப்படியும் மறைக்க முடியாமல் எஞ்சிய உபரியில், ஓர் ஏக்கருக்குச் சற்றுக் குறைவான மூன்று மா, 1974-இல் காத்தாயிக்கு ஒப்படையானது. பட்டா கையில் கிடைத்த பதினெட்டாம் நாள் இராஜாங்கத்தின் அப்பா நீதிமன்றத்தில் தடை வாங்கினார். அன்றிலிருந்து முப்பத்தெட்டு வருடம் அந்த நிலத்தில் யாரும் இறங்கவில்லை. கோரை மண்டிக் கிடந்தது. அப்பா செத்த பின் மகன் வழக்கை நடத்தினார், மகன் செத்த பின்னும் மகனே நடத்தினார். காத்தாயி பட்டாவை ஒரு தகர டப்பாவில் போட்டுப் பானைக்குள் வைத்திருந்தாள். வருடம் ஒரு முறை எடுத்து வெயிலில் காயவைப்பாள். வேறு சொத்து இல்லை.

இராஜாங்கம் பத்திரத்தை எழுதியே வைத்திருந்தார். ஈரமான முத்திரைத்தாள். வேம்பு அதை வாங்கிக்கொண்டு வெளியே வந்தாள். அன்று அவளுக்குத் தன் மேலேயே வெறுப்பாக இருந்தது என்று ஹமீதா பின்னால் சொன்னாள். ஏனென்றால் கிழித்துப் போட அவளுக்குக் கை வரவில்லை. முப்பத்தெட்டு வருடமாகக் கோரை முளைக்கிற நிலம். விட்டுக்கொடுத்தால் அடுத்த மாதம் சம்பளம். அவள் கணக்குப் போட்டுப் பார்த்தாள். போட்டுப் பார்த்தேன் என்று தாயிடமே சொன்னாள். காத்தாயிக்கு எழுத்து தெரியாது. ஹமீதாவை வரவழைத்துப் பத்திரத்தை முதல் வரியிலிருந்து படிக்கச் சொல்லிக் கேட்டாள். “எனக்கோ எனது வாரிசுகளுக்கோ மேற்படி நிலத்தில் யாதொரு பாத்தியதையும் இல்லை” என்ற இடத்தில் கையைக் காட்டி நிறுத்தச் சொன்னாள்.

“வெரலு வேணுமாமா அவனுக்கு?”

“ஆமாம்மா.”

“எந்த வெரலு?”

“கட்டவெரலு.”

“அவனுதும் கட்டவெரலுதானே?”

“ஆமா.”

“சரி. இருவதாந்தேதி நானே வரேன். அவன் வெரலுலதான் நிக்குதுன்னு ரெண்டு வருசமா சொல்லாம எதுக்குடி வயித்துல வெச்சிகிட்டு இருந்த?”

ஆகஸ்ட் இருபதாம் தேதி காத்தாயி வந்தாள். நாற்றங்காலிலிருந்து நேராக வந்ததால் முழங்கால்வரை சேறு. அவளை வாசலிலேயே நிறுத்தப் போன சாமிதுரை, உள்ளே உட்கார்ந்திருப்பவரின் சேற்றை நினைத்துப் பார்த்து, வழிவிட்டார். அலுவலகம் முழுக்கக் கூடியிருந்தது. மை வைத்த ஸ்டாம்பு பேடை நடராசன் தன் கையாலேயே எடுத்து வைத்தார். சுமுகமாக முடிந்தால் எல்லோருக்கும் நல்லது என்றார். இராஜாங்கம் சிரித்தார். கன்னத்தில் இருந்த அட்டைப்பூச்சி சற்று இடம் மாறிப் படுத்தது.

“வா காத்தாயி. கடைசில எங்க காலுக்குத்தான வந்து நிக்கிற.”

“காலுக்கு வரல ராசாங்கம். கையக் காட்டு.”

அவர் பெயரை அப்படி வெறுமனே யாரும் அந்த அறையில் சொன்னதில்லை. நடராசன் இருமினார். இராஜாங்கத்துக்குக் கோபம் வந்திருக்க வேண்டும், காதோரம் சேறு குமிழிட்டது. ஆனால் பத்திரம் மேசைமேல் இருந்தது, மை தயாராக இருந்தது. அவர் வலது கையை நீட்டினார். “எதுக்கு?”

“அச்சு எப்புடி விழுவுதுன்னு பாக்குறேன். எனக்குப் பழக்கமில்ல பாரு.”

காத்தாயி நாற்பத்தைந்து வருடமாக நாற்றுப் பறித்தவள். அதில் ஒரு விதம் இருக்கிறது. வெடுக்கென்று இழுத்தால் வேர் அறும், நட்டால் பிடிக்காது. விரலைச் சேற்றுக்குள் விட்டு அடித்தூரைப் பிடித்து, மணிக்கட்டைத் தன் பக்கம் லேசாகச் சாய்த்து, ஒரே சீராக உருவ வேண்டும். அவள் இராஜாங்கத்தின் கட்டைவிரலை அடியில் பிடித்தாள், சாய்த்தாள், உருவினாள். சேற்றில் புதைந்த காலை எடுக்கும்போது வருமே, அந்தச் சத்தத்தோடு விரல் அவள் கையோடு வந்தது. இரத்தம் இல்லை. கொஞ்சம் தண்ணீர். அடியில் மெல்லிய வெள்ளை வேர்கள், ஒன்றுகூட அறவில்லை. பழக்க தோஷத்தில் அதைத் தன் கெண்டைக்காலில் இரண்டு தட்டுத் தட்டி மண்ணை உதிர்த்தாள். மண் அலுவலகத் தரையில் விழுந்தது. மகளிடம் நீட்டினாள்.

“இந்தா. போயி வேலயப் பாரு.”

பிறகு பத்திரத்தை எடுத்துத் தன் காலைத் துடைத்துக்கொண்டாள்.

இராஜாங்கம் நான்கு விரல் கையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். வலி இருந்ததாகத் தெரியவில்லை; அவமானம் இருந்தது. “அது ஆபீஸ் சொத்துடி,” என்றார். அந்த நாற்பத்தோரு பேரில் ஒருவராவது ஏதாவது சொல்வார் என்று வேம்பு எதிர்பார்த்தாள். அவர்கள் சுவர்க்கடிகாரத்தைப் பார்த்தார்கள். நடராசன்தான் பேசினார்: “நாலு மணிக்குள்ள பட்டியல் போயிடணும்மா. சீக்கிரம் வை.” அவள் வைத்தாள். விரல் குளிர்ந்து, வழவழவென்று, நகத்தடியில் பாசியோடு இருந்தது. பச்சை விளக்கு எரிந்தது. முதலில் தன் பெயரை ஏற்றினாள். எழுந்து கொல்லைக் குழாயடிக்குப் போய் வாந்தி எடுத்தாள். திரும்பி வந்து மிச்ச நாற்பத்தோரு பேருக்கும் போட்டாள். கடைசியாக இராஜாங்கத்தின் பெயருக்கு எதிரே ‘காலமானார்’ என்பதை அழுத்தித் தேதியும் போட்டாள். சிஸ்டம் மறுபேச்சின்றி ஏற்றுக்கொண்டது. ‘முன் பயனாளரை விடுவி’ என்பதையும் அதே விரலால் அழுத்தினாள். கோரிக்கை பரிசீலனையில் உள்ளது என்று வந்தது. அது ஒன்பது வருடம் அப்படியே நின்றது.

ஆகவே விரலைக் கெடாமல் வைத்திருக்க வேண்டியதாயிற்று. தரங்கம்பாடியில் கருவாடு போடுகிறவர்களிடம் ஹமீதா கேட்டு வந்தாள். ஒன்றுக்கு மூன்று கல்லுப்பு, வாரம் ஒருமுறை மாற்ற வேண்டும். கணவர் சவுதியிலிருந்து கொண்டுவந்த காப்பித்தூள் பாட்டில் ஒன்றைக் கழுவிக் கொடுத்தாள். வேம்பு அந்தப் பாட்டிலை பீரோவில் பூட்டி வைத்தாள். இருபதாம் தேதி எடுத்து, உப்பைத் தட்டி, ஈரத்துணியால் துடைத்து வைப்பாள். அன்று மட்டும் கரண்டியால் சாப்பிடுவாள். கருவாட்டை அடியோடு விட்டுவிட்டாள். அலுவலகத்தில் மற்றவர்கள் சீக்கிரமே பழகிக்கொண்டார்கள். லீவு போட்டவன் வடை வாங்கி வந்து பாட்டிலின் பக்கத்தில் வைத்தான். இராஜாங்கத்தின் மனைவி வந்து, மாதச் சம்பளம் போய்க் குடும்ப ஓய்வூதியம் ஆனதற்கு வேம்புவை வாயில் வந்தபடி ஏசிவிட்டு, போகும்போது பாட்டிலைக் கண்ணில் ஒற்றிக்கொண்டு போனார். 2014-இல் தணிக்கைக்காரர்கள் வந்தார்கள். விரலைப் பற்றி அவர்கள் ஒன்றும் எழுதவில்லை. மூன்று விலைப்புள்ளி பெறாமல் உப்பு வாங்கியது தவறு என்று எழுதினார்கள்.

மகளின் முதல் சம்பளத்தில் காத்தாயி ஒரு டிராக்டரை வாடகைக்குப் பிடித்து மூன்று மாவில் இறக்கினாள். வழக்கு முடியவில்லை, இன்றும் முடியவில்லை. கோரை மட்டும் முடிந்தது. நடவன்று இராஜாங்கத்தின் பங்காளிகள் ஏழெட்டுப் பேர் மோட்டார் சைக்கிளில் வந்து வரப்பில் நின்றார்கள். ஒருவன் அரிவாள்கூட வைத்திருந்தான். காத்தாயி நடவிலிருந்து நிமிரவில்லை. வரப்பில் நின்ற வேம்பு பையிலிருந்து பாட்டிலை எடுத்துக் காட்டினாள். அவர்கள் சற்று நேரம் பார்த்தார்கள். தங்கள் கைகளைப் பைக்குள் விட்டுக்கொண்டு போய்விட்டார்கள்.

இராஜாங்கம் வருவதை நிறுத்தவில்லை. நாற்காலி அவர் பெயரில் சாமான் பதிவேட்டில் இருந்ததால் போகச் சொல்லவும் யாருக்கும் அதிகாரம் இல்லை. சம்பளம் கிடையாது, வேலை கிடையாது. இருபதாம் தேதி வந்து, நாளிதழ்மேல் உட்கார்ந்து, விரலைத் திருப்பிக் கேட்டு ஒரு மனு கொடுத்துவிட்டுப் போவார். மனுவுக்கு வேம்பு ஒப்புகைச் சீட்டு கொடுப்பாள். வரிசை எண் போடுவாள். பரிசீலனையில் உள்ளது என்று எழுதுவாள்.

2021-இல் மறுபடி ஆட்சி மாறியது. அதே ஆணியில் வேறு படம் தொங்கியது. செப்டம்பரில் சுற்றறிக்கை ஒன்று வந்தது. பழைய விரல் முறையில் முறைகேடுகள் இருப்பதாக அரசின் கவனத்துக்கு வந்துள்ளபடியால் அது கைவிடப்படுகிறது. இனி சிஸ்டத்துக்குள் கண்ணைக் காட்டித்தான் நுழைய வேண்டும். புதுப் பயனாளர்கள் உரிய படிவத்தில் அனுமதி கோரலாம். முன் பயனாளர் ஒருமுறை கண்ணைக் காட்டி விடுவித்தால் போதுமானது. நடராசன் அதைச் சத்தமாகப் படித்தார். படித்து முடித்ததும் நாற்பத்தோரு பேரும் இராஜாங்கத்தின் பக்கம் திரும்பினார்கள். அன்று இருபதாம் தேதி. அவர் மனுவை மேசையிலேயே விட்டுவிட்டு எழுந்து போனார். வேம்பு தாய்க்கு போன் செய்து விஷயத்தைச் சொன்னாள். காத்தாயிக்கு அப்போது எழுபது தாண்டியிருந்தது. சம்பா நாற்றங்கால் வேலையாக இருந்தாள். எல்லாவற்றையும் கேட்டுவிட்டு, “எப்ப வரணும்?” என்று மட்டும் கேட்டாள்.

அந்த மாதத்திலிருந்து இராஜாங்கம் இரண்டு கண்ணையும் இறுக மூடிக்கொண்டு, சுவரைத் தடவித் தடவித்தான் அலுவலகத்துக்கு வருகிறார். இடித்துக்கொள்ளாமல் இருக்க சாமிதுரை வழியில் கிடக்கும் ஸ்டூலை நகர்த்தி வைக்கிறார்.